ஓட்டில் எழுதிய பெயர்



சென்ற பள்ளி விடுமுறைக்கு முன்பு எங்கள் தோட்டப் பள்ளியின் ஐந்தாம், ஆறாம் ஆண்டுப் பிள்ளைகளைப் பினாங்குக்குச் சுற்றுலா அழைத்துச் சென்றோம். பஸ்ஸைப் பாலம் வழியாக அனுப்பிவிட்டு, பிள்ளைகள் கடலைப் பார்க்கட்டுமே என்று பட்டர்வொர்த்தில் ஃபெரி ஏறினோம். என் சிறுவயதில் கார்களையும் லாரிகளையும் ஏற்றிக்கொண்டு மெல்ல நகர்ந்த பெரிய ஃபெரிகள் இப்போது ஓடுவதில்லை. 2023 முதல் சிறிய புதுப் படகுகள் வந்துவிட்டன. பிள்ளைகளுக்கு அதுவே பெரிய அதிசயம்.

அன்று மாலை ஆயர் ஈத்தாம் மலையடிவாரத்தில் உள்ள கேக் லோக் சி புத்தர் கோயிலுக்குப் போனோம். அங்கே காணிக்கை கொடுப்பவர்களின் பெயரைக் கூரை ஓட்டில் எழுதும் வழக்கம் உண்டு. என்னிடம் படிக்கும் ஒரு சிறுமி அந்த ஓடுகளின் அருகே நின்றுவிட்டாள். அவள் தாயார் எண்ணெய்ப்பனைத் தோட்டத்தில் உதிரிப்பழம் பொறுக்குபவர். வீட்டில் கடன் தொல்லை என்பது எனக்குத் தெரியும்.

"டீச்சர், இதுல என்ன எழுதுறாங்க?"

"காணிக்கை கொடுத்தவங்க குடும்பத்துப் பேரும் வேண்டுதலும்மா."

வழியில் சாப்பிடுவதற்கென்று அம்மா கொடுத்த பத்து வெள்ளி நோட்டு மடித்தபடி அவள் கையில் இருந்தது. "எங்க அப்பா பேரை எழுதினா கடனெல்லாம் தீர்ந்துடுமா டீச்சர்? காசு இல்லாதவங்க பேரு சாமிக்குத் தெரியாதா?"

"மொதல்ல போய்ச் சாப்பிடு, பஸ்ஸுக்கு நேரமாச்சு" என்று சொல்லி அவளை இழுத்துக்கொண்டு வந்துவிட்டேன். ஆசிரியை சொல்லக்கூடிய பதிலா அது? அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. அவளுக்குச் சொல்லாமல் விட்ட பதிலை இந்த மாதம் உங்களோடு சேர்ந்து தேடிப் பார்க்கிறேன்.

இரண்டு கட்டடங்கள்

அன்று காலையில் நாங்கள் முதலில் பார்த்தது ஃபார்குவார் சாலையில் இருக்கும் செயிண்ட் ஜார்ஜ் தேவாலயம். 1818இல் கட்டி முடிக்கப்பட்டது. அதைக் கட்டியவர்கள் கிழக்கிந்தியக் கம்பெனி இந்தியாவிலிருந்து கப்பலேற்றிக் கொண்டுவந்த கைதிகள். தண்டனையாகக் கல் சுமந்து கட்டினார்கள். அந்தக் காலத்தில் இங்கே குருவாக இருந்த ராபர்ட் ஸ்பார்க் ஹட்சிங்ஸ் பாதிரியார்தாம் 1816இல் பினாங்கு ஃப்ரீ ஸ்கூல் தோன்ற முன்னின்றவர். இன, மத வேறுபாடு பாராமல் பிள்ளைகள் படிக்கட்டும் என்பது அவர் நோக்கம்.

கேக் லோக் சி கோயிலை எழுப்பியவர் பியாவ் லியன் என்ற துறவி. 1890களில் வேலை நடந்து, 1905இல் நிறைவு கண்டது. ஏழடுக்கு கோபுரம் 1930இல் முடிந்தது. துறவியிடம் ஏது பணம்? பினாங்கின் பெரும் செல்வந்தர்கள் அள்ளிக் கொடுத்தார்கள். சியோங் ஃபாட் ஸி, சுங் கெங் குவீ போன்றோர் அவர்களில் முக்கியமானவர்கள். அவர்கள் நினைவாகக் கோயிலில் சிலைகளும் உண்டு.

இந்தச் செல்வம் எல்லாம் எப்படி வந்தது? வணிகமும் ஈயச் சுரங்கமும் ஒரு பக்கம். அபினி இன்னொரு பக்கம். அன்றைய கம்பெனி அரசாங்கம் அபினி, சாராயம் விற்கும் உரிமையை ஏலம் விட்டுத்தான் கஜானாவை நிரப்பியது. பின்னர் வந்த அரசும் அதே வழியில் போயிற்று. குத்தகை எடுத்தவர்கள் கோடீசுவரர்கள் ஆனார்கள். மேலே சொன்ன இரு கொடையாளர்களும் இத்தகைய வரிக் குத்தகைகளில் ஈடுபட்டவர்களே. அபினியைப் புகைத்துக் கரைந்தவர்களோ சுரங்கத்திலும் துறைமுகத்திலும் மாடாய் உழைத்த சீனக் கூலிகள். வாங்கிய கூலி குத்தகைக்காரர் பெட்டிக்கே திரும்பிப் போயிற்று.

நம் பாட்டன் காலத்துக் கள்ளுக்கடைக் கணக்கும் இதுதானே! அதனால்தான் 1941இல் கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது, தோட்டக் கள்ளுக்கடைகளை மூடவேண்டும் என்பதையும் ஒரு கோரிக்கையாக வைத்தார்கள். 1947இல் கெடா, பீடோங் பக்கம் தொண்டர் படையினர் கள்ளுக்கடைகளை எதிர்த்துத் திரண்டார்கள். பணம் எந்த வழியில் வருகிறது, எந்த வழியில் போகிறது என்று கேட்கத் தெரிந்த பரம்பரை நம்முடையது.

செல்வந்தர்களைப் பழிப்பது என் நோக்கமன்று. சியோங் ஃபாட் ஸி 1904இல் பினாங்கில் சீனப் பள்ளி ஒன்றையும் தோற்றுவித்தவர். கோயில் கட்டியதாலோ தேவாலயம் கட்டியதாலோ பணத்தின் கறை போய்விடுமா என்பதுதான் கேள்வி. அதற்கு அந்தந்தச் சமயமே என்ன சொல்கிறது?

அனாதபிண்டிகரின் கஞ்சி

புத்தர் பணத்தை வெறுக்கச் சொன்னார் என்று பலர் நினைக்கிறார்கள். துறவிகளுக்குத்தான் அந்த விதி. குடும்பஸ்தருக்கு அவர் சொன்னது வேறு. வருமானத்தை நான்கு பங்காக்கி, ஒரு பங்கை வாழ்க்கைக்கும், இரண்டு பங்கைத் தொழிலுக்கும் செலவிட்டு, நாலாவது பங்கை ஆபத்துக் காலத்துக்கு வைக்கச் சொன்னார். ஆயுதம், உயிருள்ளவற்றை விற்பது, இறைச்சி, போதைப்பொருள், விஷம் ஆகிய ஐந்து வியாபாரங்களையும் இல்லறத்தார் செய்யக்கூடாது என்றார். அபினிக் குத்தகை இதில் எங்கே நிற்கிறது என்பதை நீங்களே சொல்லுங்கள்.

சிராவஸ்தி நகரத்துச் செல்வந்தர் அனாதபிண்டிகர். ஒரு சோலையின் தரை முழுவதும் பொற்காசுகளைப் பரப்பி அதை விலைக்கு வாங்கி, புத்தருக்கு மடம் அமைத்துக் கொடுத்தவர். அவரிடம் புத்தர் இல்லறத்தாரின் நான்கு இன்பங்களைச் சொன்னார். பொருள் இருப்பது, அதை அனுபவிப்பதும் அறம் செய்வதும், கடனில்லாதிருப்பது, குற்றமற்று வாழ்வது. முதல் மூன்றும் சேர்ந்தாலும் நாலாவதில் பதினாறில் ஒரு பங்கு பெறாது என்றாராம். நம் தமிழ்க் கணக்கில் சொன்னால், வீசம் பெறாது!

அதே அனாதபிண்டிகர் பின்னாளில் நொடித்துப்போய், நொய்யரிசிக் கஞ்சிதான் தானம் செய்ய முடிகிறது என்று வருந்தினார். கொடுக்கும் பொருள் எளியதா உயர்ந்ததா என்பதைவிட, மதித்து மனமுவந்து கொடுக்கிறோமா என்பதே பெரிது என்று புத்தர் அவருக்கு எடுத்துச் சொன்னார்.

சீன நாட்டில் இன்னொரு கதை வழங்குகிறது. வூ என்ற பேரரசர் ஊரெங்கும் விகாரைகள் கட்டிவிட்டு, "எனக்கு எவ்வளவு புண்ணியம்?" என்று கேட்டாராம். "ஒன்றுமில்லை" என்றாராம் போதிதருமர். அவர் நம் காஞ்சிபுரத்திலிருந்து போனவர் என்று சொல்லும் மரபும் உண்டு. கோயில் கட்டுவது தவறு என்பதல்ல பொருள். புண்ணியத்தைக் கணக்கு வைக்கும் மனம் இன்னும் ஆசையில்தான் கட்டுண்டு கிடக்கிறது. ஆசை அறாமல் நிர்வாணம் இல்லை. அதை ஒருவருக்காக இன்னொருவர் அடைந்து கொடுக்கவும் முடியாது.

சகேயு ஏறிய மரம்

கிறிஸ்தவ வேதத்திலும் ஒரு வரிக் குத்தகைக்காரர் வருகிறார். எரிகோ நகரத்து சகேயு. ரோமானியருக்கு வரி வசூலித்துக் கொடுத்து, அதில் தானும் செழித்தவர். ஊரார் அவரைப் பாவி என்று ஒதுக்கினார்கள். குள்ளமான அவர், இயேசுவைப் பார்க்க ஆசைப்பட்டு ஒரு மரத்தின்மேல் ஏறினார். இயேசு அண்ணாந்து பார்த்து, இன்று உன் வீட்டுக்கு வருகிறேன் என்றார்.

வீட்டுக்கு வந்தவரிடம் சகேயு என்ன சொன்னார்? என் சொத்தில் பாதி ஏழைகளுக்கு. எவரையாவது ஏய்த்து வாங்கியிருந்தால் நாலு மடங்காகத் திருப்பித் தருவேன் என்றார். அதன் பிறகே இந்த வீட்டுக்கு மீட்பு வந்தது என்று இயேசு சொன்னார். தன் பெயரில் ஒரு ஜெப ஆலயம் கட்டித் தருகிறேன் என்று சகேயு சொல்லவில்லை என்பதைக் கவனியுங்கள். பறிகொடுத்தவரிடமே பணம் திரும்பவேண்டும் என்பதே அங்கே நீதி.

அதே வேதத்தில், வயலில் அறுத்தவர்களுக்குக் கொடுக்காமல் பிடித்துவைத்த கூலி கூக்குரலிடுகிறது, அந்தக் குரல் கடவுளின் காதுக்கு எட்டுகிறது என்று யாக்கோபு என்பவர் எழுதிய கடிதம் எச்சரிக்கிறது. கூலிக்கு உழைக்கும் நமக்கு இதைவிட ஆறுதலான சொல் உண்டா? கோயில் பெட்டியில் செல்வர்கள் பெருந்தொகை போட்டபோது, இரண்டு சிறு காசு போட்ட ஏழை விதவையே எல்லாரையும்விட அதிகம் போட்டவள் என்று இயேசு சொன்ன கதையும் உங்களுக்குத் தெரியும்.

இரண்டு சமயங்களும் ஒன்றே என்று நான் சொல்ல வரவில்லை. புத்தர் வழியில் விடுதலை என்பது தன் முயற்சியால் ஆசையை அறுப்பது. கிறிஸ்தவத்தில் மீட்பு என்பது கடவுள் அருளால் கிடைப்பது. மனிதன் சம்பாதித்து வாங்க முடியாதது. பாதை வேறு, முடிவு வேறு. ஆனால் இரண்டிலும் விடுதலைக்கு விலைச்சீட்டு இல்லை. பணம் எப்படி வந்தது, யார் வயிற்றில் அடித்தது என்ற கேள்வியைத் தாண்டி எந்தக் காணிக்கையும் உள்ளே போவதில்லை.

நம் வீட்டுக் கணக்கு

இனி என் கதையையும் சொல்லிவிடுகிறேன். சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் தோட்டத்துத் திருவிழாவில் அன்னதான உபயம் எடுத்தேன். நோட்டீசில் என் பெயரும் காலஞ்சென்ற என் தகப்பனார் பெயரும் கொட்டை எழுத்தில் வந்தன. அப்போது மளிகைக் கடையில் எனக்கு மூன்று மாதப் பாக்கி. கடைக்கார அம்மா அந்த நோட்டீசைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், ஒன்றும் பேசவில்லை. அன்று ஊருக்குப் போட்ட சோற்றில் பாதி அந்த அம்மாவின் சோறு. பெயர் மட்டும் என்னுடையது. இன்றும் அதை நினைத்தால் கூசுகிறது.

நம்மில் பலர் வட்டிக்கு வாங்கிக் காவடி எடுக்கிறோம். தவணை பாக்கி நிற்க, நேர்த்திக்கடனைப் பெரிதாகச் செய்கிறோம். சாமிக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்றவேண்டியதுதான். ஆனால் மனிதருக்குக் கொடுத்த வாக்கும் வாக்குதானே? வட்டிக்காரனிடம் வாங்கிய காசில் கோயில் மணி வாங்கினால், அந்த மணி யார் பெயரைச் சொல்லி ஒலிக்கும்?

நாலு பங்கெல்லாம் நம் சம்பளத்துக்கு எட்டாது என்பீர்கள். உண்மைதான். பத்து வெள்ளியில் ஒரு வெள்ளியாவது ஆபத்துக்கென்று ஒதுக்கலாம். தொழிலுக்குப் போடச் சொன்ன பங்கு, நமக்குப் பிள்ளைகளின் படிப்பு என்று நான் எடுத்துக்கொள்கிறேன். நம்பர் எடுக்கும் காசை நிறுத்தினாலே இவ்விரண்டில் ஒன்று கைக்கூடும்.

சென்ற வாரம் தேர்ச்சி அறிக்கை வாங்க அந்தச் சிறுமியின் தாயார் வந்திருந்தார். "பினாங்கு போன அன்னிக்கு மூணு வெள்ளிக்குத்தான் மீ வாங்கித் தின்னிருக்கா டீச்சர். மீதி ஏழு வெள்ளியை என் கையில குடுத்து, கடைக்கணக்குல கட்டுங்கம்மான்னு சொல்லிட்டா" என்றார். சொல்லும்போதே அவர் கண் கலங்கிவிட்டது.

நான் அந்தப் பிள்ளையைக் கூப்பிட்டேன். "அன்னிக்கு ஒரு கேள்வி கேட்டியேம்மா. காசு இல்லாதவங்க பேரும் சாமிக்குத் தெரியும். ஓட்டுல எழுதாமலேயே தெரியும்" என்றேன்.

அவள் சிரித்துவிட்டு விளையாட ஓடிவிட்டாள்.