கோடு இருக்கு... ரோடு இல்லை!

நாயுடுபுரம்... பேரைச் சொன்னதும் லேசா தெலுங்கு வாசம் அடிக்குதா? கொடைக்கானல் மலையில இதெல்லாம் சகஜம் பாஸ். தமிழ், தெலுங்கு, மலையாளம் எல்லாம் ஒரே டீக்கடை பெஞ்ச்சில உட்கார்ந்திருக்கும்.

இங்கிருந்து மேற்கே மன்னவனூர், பூண்டி, கிளாவரை. அதுக்கு மேல மலையைத் தாண்டினா வட்டவடை. அங்கேயும் வயல்ல பூண்டு, வீட்டுல தமிழ். ஆனா, மாநிலம் கேரளா! மூணாறுக்குப் போன பழைய எஸ்கேப் ரோட்டை மூடி ரொம்ப வருஷமாச்சு. இப்போ தேனி, போடிமெட்டுன்னு இறங்கி ஏறணும். (பூண்டுக்கும் தனித்தனி புவிசார் குறியீடு. கொடைக்கானலுக்கு 2019-ல, காந்தலூர்-வட்டவடைக்கு 2022-ல!)

1956 நவம்பர் 1-ல மாநிலம் பிரிச்சப்போ கன்னியாகுமரி இந்தப் பக்கம் வந்தது. தமிழர்கள் நிறைஞ்ச தேவிகுளம், பீர்மேடு அந்தப் பக்கமே நின்னுடுச்சு. ஐரோப்பாவுல 1920 ட்ரியனான் ஒப்பந்தம் ஹங்கேரியைச் சுருக்கினப்போவும் இதே கதைதான். லட்சக்கணக்கான ஹங்கேரியர்கள் வீட்டுத் திண்ணையைவிட்டு இறங்காமலே ருமேனியாக்காரங்க ஆகிட்டாங்க.

மூணாறு பஜார்ல மலையாளி கடைக்காரர் தமிழ்ல விலை சொல்வார். எஸ்டேட் பொண்ணு மலையாளத்துல பேரம் பேசும். எப்பவும் இப்படியேவா? இல்லை. 2011 டிசம்பர்ல முல்லைப் பெரியாறு பிரச்னை வெடிச்சப்போ, இடுக்கி தோட்டத் தொழிலாளர்கள் உயிருக்குப் பயந்து தேனிப் பக்கம் ஓடி வந்தாங்க. இங்கே மலையாளிகளோட கடைகள் நொறுங்கின. அடிபட்ட ஒருத்தருக்கும் அந்த அணையோட சாவி கையில இல்லை!

கேரளாவோட 1969 ஆட்சிமொழிச் சட்டப்படி அங்கேயுள்ள தமிழர்கள் அரசுக்குத் தமிழ்லயே எழுதலாம். 2021-ல தேவிகுளம் எம்.எல்.ஏ. ஏ.ராஜா (நம்ம நீலகிரி ராசா இல்லீங்க!) சட்டசபையில தமிழ்லதான் பதவியேற்றார். வாசகத்துல குறை இருந்ததால ரெண்டு தடவை!

இப்போ ஸ்கூலுக்கு வருவோம். 2006-ல நாம தமிழைக் கட்டாயப் பாடம் ஆக்கினோம். 2017-ல அவங்க மலையாளத்தை. வேலைக்குப் போக, கோர்ட், ஆஸ்பத்திரின்னு அலைய, ஊர் மொழி தெரிஞ்சே ஆகணும். அதுல எனக்கு ரெண்டாவது கருத்தே இல்லை. ஆனா, வீட்டு மொழியை டைம்டேபிள்ல இருந்து தூக்கிட்டா? அந்தப் பக்கம் தமிழ்ப் பொண்ணுக்கும், இந்தப் பக்கம் தெலுங்குப் பையனுக்கும் ஒரே வலிதான். இடுக்கியில தமிழ் மீடியம் வேணும்னு கேன்டீன்ல மேஜையைத் தட்டுற மச்சான்ஸ்... இங்கே ஒரு ஸ்கூல்ல தெலுங்கு வாத்தியார் போஸ்ட் காலியா கிடந்தா, அதே மேஜையைத் தட்டுவீங்களா?