பழைய ஆட்டத்துக்கு என்ன விலை?

(பத்தாம் வகுப்பு 'ஆ' பிரிவு மாணவி)

ஆண்டு மலருக்கு எழுத வேண்டிய பொருள்களைத் தமிழம்மா கரும்பலகையில் எழுதிப் போட்டார். மரம் வளர்ப்பு இருந்தது. காலத்தின் அருமை இருந்தது. தாய்மொழிப் பற்றும் இருந்தது. வீடியோ கேம் டிஸ்க் விற்பது மட்டும் இல்லை. "இதையா எழுதப் போகிறீர்கள்?" என்று புருவத்தை உயர்த்தினார். ஆம் அம்மா, இதைத்தான். மரம் வளர்ப்பை ஒன்பதாம் வகுப்புத் தங்கைகள் எழுதட்டும். எங்களுக்கு இவ்வாண்டு நேர்ந்தது இதுவே.

பத்தாம் வகுப்பு என்றால் என்ன என்பதைத் தோழியர் அனைவரும் அறிவீர்கள். ஜூன் பிறந்ததும் வீட்டிலுள்ள பொருள்கள் ஒவ்வொன்றாக மறையத் தொடங்கும். முதலில் தொலைக்காட்சியின் ரிமோட், அடுத்து கைபேசி, அதற்கடுத்து சிரிப்பு. எங்களுள் நால்வர் வீடுகளில் பிளே ஸ்டேஷன் 4 இருந்தது. ஒரு வீட்டில் அது பரணுக்குப் போயிற்று. இன்னொரு வீட்டில் அம்மாவின் பட்டுப் புடவைகளுக்கு அடியில் பீரோவில் பூட்டப்பட்டது. பெட்டியை வைத்துக்கொள்ளுங்கள், டிஸ்குகளையாவது விற்றுவிடுகிறோம் என்று நாங்களே முன்வந்தோம். அதற்குக் காரணம் நற்குணமன்று. எங்களுள் ஒருத்திக்குக் கண்ணாடியின் பவர் மாறிவிட்டது. கரும்பலகை தெரியாமல் பக்கத்திலிருப்பவளின் நோட்டைப் பார்த்து எழுதிக்கொண்டிருந்தாள். புதுக் கண்ணாடிக்கு 2,800 ரூபாய். நாங்கள் சேர்த்துத் தருகிறோம் என்றால் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். ஆனால் கல்லூரி விடுதிக்குப் போன அவள் அண்ணன் அவளுக்கே கொடுத்துவிட்டுப் போன டிஸ்குகள் ஐந்து இருந்தன. அவற்றை விற்றால் அது அவள் பணமன்றோ!

நால்வர் டிஸ்குகளையும் ஒரே துணிப்பையில் போட்டோம். மொத்தம் 14. ஞாயிறன்று ரிச்சி தெருவில் பெரும்பாலான கடைகள் மூடியிருக்குமாதலால், ஒரு சனிக்கிழமை தோழி ஒருத்தியின் சித்தியைத் துணைக்கு அழைத்துக்கொண்டு பறக்கும் ரயிலில் சிந்தாதிரிப்பேட்டையில் இறங்கி நடந்தோம். ரிச்சி தெருவைப் பார்க்காதவர்களுக்கு ஒரு சொல்: அங்கே மனிதர்களைவிட ஒயர்கள் அதிகம்.

முதலில் நுழைந்த கடையில் எங்களை ஏறிட்டுப் பார்த்தவர் கேட்ட முதல் கேள்வி, "என்ன பாப்பா, அண்ணன் வரலையா?" என்பது. இல்லை என்றோம். பையை வாங்கி மேசைமேல் கவிழ்த்தார். இரண்டு டப்பாக்களைத் திறந்து பார்த்தார், மூன்றாவதைத் திறக்கவில்லை. "மொத்தமா ரெண்டாயிரம் தரேன்" என்றார். சித்தி தலையசைக்கப் பார்த்தார். கண்ணாடிக்காரி மனத்துக்குள் வகுத்துப் பார்த்து விரலால் எங்கள் கையைக் கிள்ளினாள். 14 டிஸ்குக்கு 2,000 என்றால் ஒன்றுக்கு 143 ரூபாய்கூட முழுதாக வரவில்லை. அவளுடைய ஐந்துக்கும் சேர்த்து 715 ரூபாய். கண்ணாடியின் பிரேமுக்குக்கூடக் காணாது. பையைக் கட்டிக்கொண்டு வெளியே வந்தோம்.

அன்று மாலை எங்களுக்குள் பெரிய வாதம் நடந்தது. கடைக்காரர் ஏமாற்றுக்காரர் என்றாள் ஒருத்தி. நாங்கள் ஒப்பவில்லை. அவர் வாடகை கொடுக்க வேண்டும், வேலையாளுக்குச் சம்பளம் கொடுக்க வேண்டும், வாங்கிய டிஸ்க் ஆறு மாதம் அலமாரியில் கிடந்தாலும் கிடக்கும். 1,000 ரூபாய்க்கு விற்கப்போவதை அவர் 1,000 ரூபாய்க்கே வாங்க முடியுமா? குற்றம் எங்களுடையதுதான். நல்லதையும் ஆகாததையும் ஒரே பையில் போட்டுக் கொட்டினால், வாங்குகிறவர் ஆகாததற்குரிய விலையைத்தான் எல்லாவற்றுக்கும் போடுவார். கூடையோடு காய் விற்கிறவளுக்கு உள்ளே எத்தனை சொத்தை என்று தெரியாவிட்டால், கேட்கிறவர் பாதிக்கூடை சொத்தை என்றுதானே கணக்கிடுவார்!

ஆகவே ஒவ்வொன்றாகப் பிரித்தோம். இங்கே நமக்கெல்லாம் தெரிந்த ஓர் உவமை கைகொடுத்தது. ஆண்டுதோறும் மூத்த மாணவியரிடம் பழைய பாடநூல்களையும் கைடுகளையும் அரை விலைக்கு வாங்குகிறோம் அல்லவா? அட்டை கிழியாதது ஒரு விலை, பேனாவால் கோடு போட்டது ஒரு விலை. ஆனால் 2019-இல் பத்தாம் வகுப்புக்குப் புதிய பாடத்திட்டம் வந்தபோது, முந்தைய ஆண்டுப் புத்தகம் எவ்வளவு பளபளப்பாக இருந்தாலும் எடைக்குத்தான் போயிற்று என்று அக்காமார்கள் சொல்லக் கேட்டிருக்கிறோம். கால்பந்து ஆட்டங்களின் கதையும் அச்சாக இதுவே. ஆண்டுதோறும் செப்டம்பரை ஒட்டிப் புதிய பதிப்பு வந்துவிடும். அன்றோடு பழையது பழைய பாடத்திட்டமாகிவிடும். விற்பதானால் ஜூலைக்குள் விற்றுவிட வேண்டும். எங்கள் பையில் இருந்ததோ 2018-இல் வெளிவந்த 'ஃபிஃபா 19'! இப்போது அந்த ஆட்டத்துக்கு அந்தப் பெயர்கூட இல்லை. 2023 முதல் 'ஈஏ ஸ்போர்ட்ஸ் எஃப்சி' என்று மாறிவிட்டது.

இணையத்தை நம்பி நிற்கும் ஆட்டங்களும் இப்படித்தான். 2017-இல் வந்த 'கிரான் டூரிஸ்மோ ஸ்போர்ட்' என்ற கார்ப் பந்தயத்துக்கு 2024 ஜனவரி இறுதியில் இணையச் சேவை நிறுத்தப்பட்டது. டிஸ்கில் கீறல் ஒன்றும் இல்லை, ஆனால் ஊர் கூடி ஆடிய திடல் போய்விட்டது. 'ஹொரைசான் ஜீரோ டான்' எங்களுக்கெல்லாம் பிடித்த ஆட்டம், ஏனெனில் அதில் வில்லெடுத்துப் போகிறவள் ஒரு பெண். 2021 ஏப்ரலில் சோனி நிறுவனம் அதைச் சில வாரங்கள் எல்லோருக்கும் இலவசமாகவே கொடுத்தது. இலவசமாகக் கிடைத்ததைக் காசு கொடுத்து வாங்க வருகிறவர்கள் குறைவாகத்தானே இருப்பார்கள்? இதற்கு நேர்மாறாக, நாங்கள் குழந்தை விளையாட்டு என்று ஒதுக்கி வைத்திருந்த 'லெகோ மார்வெல் சூப்பர் ஹீரோஸ்' நல்ல விலை போயிற்று. சிறு பிள்ளைகளுக்கு வாங்குகிற பெற்றோர் எப்போதும் இருக்கிறார்கள் போலும்.

அடுத்து சுத்தம். இதில் ஒரு நுட்பம் உண்டு. பழைய சிடியிலும் டிவிடியிலும் கீறல் விழுந்தால் மேல்பரப்பைத் தேய்த்துச் சரிசெய்யும் இயந்திரம் உண்டு. பிளே ஸ்டேஷன் 4-இன் டிஸ்க் புளூ-ரே வகை. அதில் பதிவு இருக்கும் அடுக்கின்மேல் 0.1 மில்லிமீட்டர் கனமுள்ள மூடிதான் இருக்கிறது. தேய்க்கப் போனால் உள்ளதும் போகும். மிருதுவான துணியால் நடுவிலிருந்து விளிம்பை நோக்கி நேராகத் துடைக்க வேண்டும். வட்டமாகத் துடைக்கலாகாது. எங்களுள் ஒருத்தி அவசரத்தில் பாவாடை நுனியால் துடைத்தாள். அவள் பெயரை இங்கே எழுதவில்லை.

பிறகு பரணிலிருந்த பெட்டியைக் கெஞ்சி இறக்கி, ஒவ்வொரு டிஸ்கையும் போட்டு ஓடுகிறதா என்று பார்த்தோம். அப்போதுதான் அந்த அதிர்ச்சி! 'ஃபிஃபா 19' டப்பாவுக்குள் ஒரு சினிமாப் பாட்டு சிடி. ஸ்பைடர்மேன் டப்பாவுக்குள் ஃபிஃபா. ஸ்பைடர்மேன் வேறொருத்தி வீட்டில் டேப் ரெக்கார்டர் மேல் வெறும் உடம்போடு கிடந்தது. முதற்கடையில் மூன்றாவது டப்பாவைத் திறந்திருந்தால் எங்கள் மானம் போயிருக்கும்.

பெட்டியையே விற்கிறவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். எங்கள் தோழி ஒருத்தியின் வீட்டில் சென்ற ஆண்டு பிளே ஸ்டேஷனை அப்படியே விற்றார்கள். கணக்கிலிருந்து வெளியேறவும் இல்லை, உள்ளிருப்பதை அழிக்கவும் இல்லை. சில வாரம் கழித்துப் பார்த்தால், கணக்கில் மீதமிருந்த 800 ரூபாயை யாரோ செலவழித்திருந்தார்கள். முதலில் அந்தப் பெட்டியில் நம் கணக்கை நீக்கி, பிறகு புதிதாக வாங்கியபோது இருந்த நிலைக்கு அழித்துக் கொடுப்பதற்குப் பத்து நிமிடம்தான் ஆகும்.

அடுத்த சனிக்கிழமை அதே தெரு, வேறு கடை. போவதற்குமுன் மூன்று இடங்களில் தொலைபேசியில் விலை கேட்டுக் குறித்துக்கொண்டோம். இம்முறையும் அதே கேள்விதான். "அண்ணனுதா?" "இல்லை அண்ணா, எங்களுடையதுதான்." "இதெல்லாம் நீங்க ஆடுவீங்களா?" என்று சிரித்தார். கண்ணாடிக்காரி 'அன்சார்ட்டட் 4'-ஐக் கையில் எடுத்து, எந்த அத்தியாயத்தில் எங்கே புதையல் ஒளிந்திருக்கிறது என்று சொல்லத் தொடங்கினாள். பாதியில் அவர், "போதும்மா, நான் இன்னும் முடிக்கல" என்றார். அதன்பின் ஒவ்வொரு டிஸ்காகத்தான் விலை பேசினார்.

ஆட்டம் ஆண்களுக்கு, அதை விற்பதும் ஆண்களுக்கு என்ற எண்ணம் கடைக்காரர்களிடம் மட்டும் இருப்பதாக நாங்கள் நினைக்கவில்லை. எங்கள் வீடுகளிலும் இருக்கிறது. தேர்வு வந்தால் தங்கையின் டிஸ்க் விற்பனைக்குப் போகிறது. அதே பத்தாம் வகுப்பில் அண்ணன் இருந்தபோது பெட்டி பரணேறியதே தவிர விற்பனைக்குப் போகவில்லை. எங்கள் நால்வரில் இருவர் வீட்டுக் கதை இது. விற்பது தவறென்று நாங்கள் சொல்லவில்லை. ஆடியவள் எவளோ அவளே விலை பேச வேண்டும், பணமும் அவள் கைக்கு வர வேண்டும் என்கிறோம். எது அரியது, எது ஓடாது என்று அவளுக்குத்தானே தெரியும்?

"பணமா வேண்டாம், எக்ஸ்சேஞ்ச் பண்ணிக்கோங்க, கூட முந்நூறு போட்டுத் தரேன்" என்றும் அவர் ஆசை காட்டினார். வேறு ஆட்டத்தை எடுத்துக்கொண்டால் மதிப்பைக் கூட்டிப் போடுவார்கள். அவர்களுக்கு ஒரு சரக்கு நகர்கிறது அல்லவா? ஆடப்போகிறவர்களுக்கு அது நல்ல வழிதான். மார்ச்சில் தேர்வு எழுதப்போகிறவர்களுக்கன்று. கைபேசியில் விளம்பரம் போட்டு நேரே விற்றால் இன்னும் கூடுதலாகக் கிடைக்கும் என்பதும் உண்மை. அதையும் பார்த்தோம். ஆனால் எங்கள் எண்ணைக் கொடுக்கவில்லை; சித்தியின் எண்ணைக் கொடுத்தோம், குடியிருப்பு வாயிலில் காவலர் முன்னிலையில்தான் கொடுத்து வாங்கினோம். அப்படியும் ஒருவர் டிஸ்கைப் பற்றி ஒன்றும் கேளாமல், "நீ எந்த ஸ்கூல்?" என்று கேட்டார். சித்தி பதில் சொன்ன விதத்தில் அந்த எண் பிறகு வரவே இல்லை.

வீட்டுக்குப் பணம் வந்த பின்னர், தமிழம்மாவிடம் இதையெல்லாம் சொன்னோம். அவர் தம் தந்தையாரோடு மூர் மார்க்கெட்டுக்குப் போய்ப் பழைய புத்தகம் விற்று, அந்தக் காசுக்கு வேறு பழைய புத்தகம் வாங்கி வந்ததைச் சொன்னார். 1985-இல் அது தீப்பற்றி அழிந்த செய்தி கேட்டு அவர் தந்தையார் அன்று சாப்பிடவில்லையாம். "வாங்கியதை விற்கலாம் என்பதுதான் ஏழை வீட்டுக்குப் புத்தகத்தைக் கொண்டு வந்தது" என்றார். எங்கள் பொருளும் அவ்வளவு அற்பமானதில்லை என்று அப்போது அவருக்கும் தோன்றியிருக்க வேண்டும்.

உண்மையில் இந்த விற்கும் உரிமைக்காகப் பெரிய நீதிமன்றங்களில் எல்லாம் வழக்காடியிருக்கிறார்கள். ஜப்பானில் கேம் நிறுவனங்கள், ஆட்டமும் திரைப்படம் போன்றதுதான், ஆகையால் பழையதை விற்கவும் எங்கள் அனுமதி வேண்டும் என்று வழக்குத் தொடுத்தன. 2002 ஏப்ரல் 25-ஆம் நாள் அந்நாட்டு உச்ச நீதிமன்றம், திரைப்படம் போன்றதுதான், ஆனால் ஒருமுறை விற்றபின் உங்கள் பிடி அதன்மேல் இல்லை என்று தீர்ப்பளித்தது. 2013-இல் மைக்ரோசாஃப்ட் நிறுவனம் தன் எக்ஸ்பாக்ஸ் ஒன் பெட்டிக்குப் பழைய டிஸ்க் கைமாறுவதில் கட்டுப்பாடுகளை அறிவித்தது. ஆடுகிறவர்கள் கொதித்தெழுந்தார்கள். ஜூன் 19-ஆம் நாள் அந்நிறுவனம் அதைக் கைவிட்டது.

இப்போது யாரும் தடை போடுவதில்லை. டிஸ்கையே இல்லாமல் செய்கிறார்கள். 2021 பிப்ரவரியில் நம் நாட்டுக்குப் பிளே ஸ்டேஷன் 5 வந்தபோது டிஸ்க் போடும் பெட்டி 49,990 ரூபாய், டிஸ்க் இல்லாதது 39,990 ரூபாய். அப்பாமார்களுக்குப் பத்தாயிரம் மிச்சம் என்றுதான் தோன்றும். அன்று புதிய பெரிய ஆட்டத்தின் விலை 4,999 ரூபாய். டிஸ்காக வாங்கி ஆடி முடித்து உடனே விற்றால் ஆயிரமோ இரண்டாயிரமோ திரும்பும். பத்து ஆட்டத்தில் அந்தப் பத்தாயிரம் கைக்கு வந்துவிடும். பதிவிறக்கியதை விற்க வழியே இல்லை. தள்ளுபடி நாளில் பதிவிறக்கம் மலிவாகக் கிடைக்கும் என்று எங்களுள் ஒருத்தி வாதிடுகிறாள். அவள் சொல்வதும் சரிதான், காத்திருக்கத் தெரிந்தவர்களுக்கு. எங்கள் கட்சி டிஸ்க் கட்சி. கண்ணாடி வாங்க வேண்டிய நாளில் தள்ளுபடிக்கு வாங்கிய பதிவிறக்கம் என்ன உதவும்?

கணக்கைச் சொல்லவில்லையே! அவளுடைய டிஸ்குகளில் ஸ்பைடர்மேன் 950, லெகோ 650, அன்சார்ட்டட் 450, ஹொரைசான் 400. ஆக 2,450 ரூபாய். மீதி 350-ஐ அவள் அம்மா சீட்டுப் பணத்திலிருந்து எடுத்துக் கொடுத்தார். இப்போது கடைசி பெஞ்சிலிருந்தே கரும்பலகையைப் படிக்கிறாள். நாங்கள் எழுதுவதிலுள்ள ஒற்றுப்பிழைகளையும் அங்கிருந்தே கண்டுபிடிக்கிறாள். அது ஒன்றுதான் தொல்லை.

ஐந்தாவது டிஸ்க் 'ஃபிஃபா 19'. கடைக்காரர் அதைத் தொடக்கூட இல்லை. "அத நீங்களே வெச்சுக்கோங்கம்மா" என்றார். எங்கள் வகுப்பில் சாக்பீஸ் டப்பாவுக்கு மூடி இல்லாதிருந்தது. அளவு சரியாகப் பொருந்துகிறது.