துணை என்றால் யாருக்குத் துணை?

பீட் போசில்த்வெய்ட்டைத் 'துணை நடிகர்' என்று யாராவது எழுதினால் எனக்குப் பத்திக்கிட்டு வருது. யாருக்குத் துணை? 'இன் த நேம் ஆஃப் த ஃபாதர்' (1993) படத்தில், செய்யாத குற்றத்துக்காக மகனோடு சிறையில் கிடக்கும் ஜூசெப்பி கான்லன் அவர். அவரை எடுத்துவிட்டால் டேனியல் டே-லூயிஸின் கோபம் வெறும் கத்தல்தான். ஆஸ்கர் பரிந்துரையோடு நிறுத்திக்கொண்டது. சரி, போகட்டும்.

1995-ல் 'த யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்' கோபயாஷி. குரல் உயராது, நமக்குத்தான் வயிறு கலங்கும். அடுத்த வருஷமே 'பிராஸ்ட் ஆஃப்'. மூடப்படும் சுரங்கம், கெட்டுப்போன நுரையீரல், பேண்டு வாத்தியக் குழுவின் தலைவர். ஆல்பர்ட் ஹாலில் ஜெயித்த கோப்பையை, மனுஷங்கதான் முக்கியம் என்று சொல்லி மறுக்கிறார். மூன்றும் ஒரே ஆள் என்று எனக்கு ரொம்ப நாள் தெரியாது. வெட்கமா இருக்கு.

2011 ஜனவரியில் இறந்துபோனார். நாயகனை மட்டுமே பார்த்துப் பழகிய கண் நம்முடையது. கோளாறு அதில்தான்.