படகு என்ற சொல்லும் எழுதப்படட்டும்

நீர்த்தேக்கங்களுக்காகக் காணியையும் குடியிருப்பையும் இழந்தோர் எம்மிடையே பலர். பழைய மஸ்கெலியா நகரமே மவுஸ்ஸாக்கலை நீருக்குள் கிடக்கிறது. அந்த நீரைக் கடக்க இன்று படகேறுகிறோம். படகுகள் மோதிக் கால் முறிந்தால் வைத்தியசாலைக்கு ஓடுகிறோம். "எப்படி அடிபட்டது?" என்று கேட்டால், பொலிஸ் விசாரணைக்குப் பயந்து "விழுந்துவிட்டேன்" என்கிறோம்.

இந்த ஒரு சொல்லால் நாம் இழப்பது அதிகம். வாட்டில் தங்குவோரின் பதிவுகளுக்கு அரச வைத்தியசாலைகள் சர்வதேச நோய் வகைப்பாட்டின்படி குறியீடு இடுகின்றன. முறிவுக்கு ஒன்று, அது நேர்ந்த விதத்துக்கு இன்னொன்று. படகு விபத்தில் நீரில் மூழ்கினால் வீ 90. வேறு காயமென்றால் வீ 91. "விழுந்தேன்" என்றால் படகு கணக்கிலேயே வராது. மாதக்கணக்கில் கிளினிக்குக்கு அலைந்தாலும், முதல் நாள் எழுதப்பட்டதே பிந்திய பதிவுகளுக்கு ஆதாரம்.

2021 நவம்பர் 23இல் கிண்ணியா குறிஞ்சாக்கேணியில் மிதப்புப் பாதை கவிழ்ந்து பாடசாலைப் பிள்ளைகளும் பலியானபோது நாடே அதிர்ந்தது. சாவு எல்லோர் கண்ணிலும் படுகிறது. நொண்டி நடப்பவனின் காயமோ பதிவில்லாமல் மறைந்துபோகிறது.

ஆகவே, அன்பர்களே, நடந்ததை நடந்தபடி சொல்வோம். வீடு திரும்புமுன் நோய் நிர்ணய அட்டையில் படகு விபத்து என்று எழுதப்பட்டுள்ளதா என வாசிக்கத் தெரிந்த ஒருவரைக் கொண்டு பார்ப்போம். கிளினிக்குக்குச் செல்லும் ஒவ்வொரு முறையும் அந்த அட்டையைக் கொண்டுபோவோம். வைத்தியசாலையாரும் எம் மக்களிடம் தமிழில், பொறுமையாகக் கேட்க வேண்டும். கணக்கில் வராத காயத்தைக் காட்டி இறங்குதுறையோ, உயிர்காப்பு அங்கியோ, நட்டஈடோ கேட்க முடியாது. இறைவன் எம்மை ஒவ்வொருவராக அறிவார், அரசும் அறியட்டும்.