கதை இல்லாத படங்கள்

திரைப்படம் என்றாலே பலருக்குக் கதைதான் நினைவுக்கு வரும். நாயகனோ வில்லனோ வசனமோ இல்லாத படத்தைக் கண்டால், “ஒன்றும் புரியவில்லையே!” என்று முதல் நிமிடத்திலேயே முகம் சுளிப்பர். கதைப் படத்திடம் கதையை எதிர்பார்ப்பது நியாயமே. ஆனால், எல்லாப் படங்களையும் அந்த ஒரே அளவுகோலால் அளக்க முடியாது.

கனடாவின் தேசியத் திரைப்பட வாரியம் 1949ஆம் ஆண்டில் உருவாக்கிய ‘பிகோன் டல் கேர்’ என்னும் குறும்படத்தில் கதை இல்லை. நார்மன் மெக்லாரனும் எவலின் லாம்பார்ட்டும் படச்சுருளின்மீதே தூரிகையால் வண்ணம் தீட்டினர். காட்சிகளைப் பிடிக்கக் கேமராவைப் பயன்படுத்தவில்லை. ஈரம் காயுமுன் வலைத்துணியை அதன்மேல் அழுத்தினர். சில இடங்களில் கூரிய கருவியால் கீறினர். ஆஸ்கர் பீட்டர்சன் குழுவினரின் ஜாஸ் இசையில் பியானோ துள்ளும்போது வண்ணங்களும் துள்ளும். இசை தணியும்போது கருந்திரையில் மெல்லிய கோடுகள் மட்டும் நெளியும். நொடிக்கு 24 படச்சட்டங்கள் என்றால், எட்டு நிமிடத்திற்குச் சற்றுக் குறைவான அப்படத்தில் 11,000க்கும் மேற்பட்ட சட்டங்கள் உள்ளன. ‘யார் வேண்டுமானாலும் கிறுக்கிவிடலாம்’ என்போர் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்கட்டும்.

நாதஸ்வரக் கலைஞர் ஆலாபனை செய்யும்போது அதில் சொல்லும் இல்லை, கதையும் இல்லை. ‘இதற்குப் பொருள் என்ன?’ என்று கேட்காமல் தலையசைத்து ரசிக்கிறோம். காதுக்குக் கொடுக்கும் அந்த உரிமையைக் கண்ணுக்கு ஏன் மறுக்க வேண்டும்?

பொதுப்பணத்தை இதற்குச் செலவிடலாமா என்றும் சிலர் கேட்பர். செலவிடலாம். 1935ஆம் ஆண்டில் லென் லை இவ்வாறே தீட்டிய ‘ஏ கலர் பாக்ஸ்’ படத்தை வெளியிட்டது பிரிட்டனின் அஞ்சல்துறைத் திரைப்படப் பிரிவு. வண்ணங்கள் ஆடிக்கொண்டிருக்கும்போதே பொட்டல அஞ்சல் கட்டண விளம்பரமும் வந்துவிடும்! அப்பிரிவை நடத்திய ஜான் கிரியர்சனே பின்னர் கனடா வாரியத்தின் தலைமைப் பொறுப்பேற்று, மெக்லாரனை அங்கு வரவழைத்தார். இலாபத்தை மட்டும் கருதும் நிறுவனம் இத்தகைய முயற்சிகளுக்கு இடம் கொடுத்திருக்குமா என்பது ஐயமே.

சோதனைப் படங்கள் எல்லாமே சிறந்தவை அல்ல. புதுமை என்ற பெயரில் பொறுமையைச் சோதிப்பவையும் உண்டு. சலிப்பூட்டினால் சலிப்பு என்றே சொல்லலாம். ஆனால், முழுவதும் பார்த்துவிட்டுச் சொல்ல வேண்டும். மெக்லாரனின் ‘பிளிங்கிட்டி பிளாங்க்’ ஏறத்தாழ ஐந்து நிமிடமே ஓடும். கறுப்புச் சுருளில் கீறிய உருவங்களுக்கிடையே பல சட்டங்களை அவர் வெறுமையாகவே விட்டார். விடுபட்டதைப் பார்ப்பவரின் கண் நிரப்பிக்கொள்கிறது. 1955ஆம் ஆண்டு கான் திரைப்பட விழாவில் குறும்படத்திற்கான தங்கப்பனை விருது அதற்குத்தான் கிடைத்தது.