பொறுத்திருந்தால் நிலுவை வராது

தரம் உயர்வு தாமதமான ஆசிரியருக்கு ஹட்டன் பக்கத்துப் பாடசாலைகளில் கிடைக்கும் புத்திமதி ஒன்றுதான்: "கோவை மேல போயிருக்கு, பொறுங்க சேர். எப்படியும் பின்திகதியிட்டுத் தருவாங்க. கோர்ட்டுக்குப் போனா உள்ளதும் கெட்டுப்போகும்." சொல்பவர்கள் நல்லெண்ணத்தோடுதான் சொல்கிறார்கள். ஆனால் இதைப் போல ஆசிரியர்களைக் கெடுத்த புத்திமதி வேறில்லை.

சட்டம் பொறுமையைப் புண்ணியமாக எண்ணுவதில்லை. அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரைப்படி அடிப்படை உரிமை மீறலுக்கு உயர் நீதிமன்றம் செல்ல ஒரே ஒரு மாதம்தான் இருக்கிறது. உங்களோடு சேவைக்கு வந்தவருக்குத் தரம் உயர்ந்து, உங்களுக்கு மறுக்கப்பட்ட கடிதம் கிடைத்த நாளிலிருந்து அந்த மாதம் ஓடுகிறது. எழுத்தாணை கேட்டுச் செல்வதற்கு அப்படித் திட்டமான நாள் கணக்கு இல்லை. ஆனாலும் விளக்கமில்லாத தாமதம் ஒன்றே மனுவைத் தள்ளப் போதும். வலயக் கல்விப் பணிமனைக்கு ஐந்து வருடம் நடந்தேன் என்பது அங்கே தியாகமாகத் தெரியாது. ஐந்து வருடம் சும்மா இருந்தீர்கள் என்றே தெரியும்.

மலையகத்தில் இன்னொரு வழக்கமும் உண்டு. சம்பளப் பிரச்சினையைத் தொழிற்சங்கத் தலைவரிடமோ அமைச்சரிடமோ மனுவாகக் கொண்டுபோவோம். பொன்னாடை போர்த்துவோம், வாக்குறுதி வாங்கி வருவோம். அமைச்சரின் வாக்குறுதி அந்த ஒரு மாதத்தை ஒரு நாள்கூட நிறுத்தி வைக்காது. நிறுத்தி வைக்கக்கூடிய வழி ஒன்று 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தில் இருக்கிறது. மீறல் நடந்து ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறையிட்டால், அங்கே விசாரணை நடக்கும் காலம் கணக்கில் சேராது. முறைப்பாட்டுத் துண்டு மட்டும் போதாது, விசாரணை நடப்பதற்கான சான்றும் கையில் இருக்க வேண்டும். இதை எத்தனை சங்கக் கூட்டங்களில் சொல்லிக் கொடுத்திருக்கிறோம்?

பொறுத்தவர்களுக்கு என்ன கிடைத்தது என்று பாருங்கள். 2015ஐ ஒட்டித் தோட்டப் பாடசாலைகளுக்கு மூவாயிரம் பேரளவில் ஆசிரிய உதவியாளர்கள் எடுக்கப்பட்டார்கள். மாதக் கொடுப்பனவு 6,000 ரூபாய். 2013 கூட்டு ஒப்பந்தப்படி கொழுந்து பறிப்பவரின் அடிப்படை நாட்சம்பளம் 450 ரூபாய். லயத்திலிருந்து படித்து வந்த மகள் கரும்பலகை முன் நின்று ஒரு மாதம் வாங்கியது, மலையில் நின்ற தாயின் பதினான்கு நாள் அடிப்படைச் சம்பளத்துக்கும் குறைவு. கொழுந்து நிறை குறைந்தால் தோட்டத்தில் அரைப் பேர் போடுவார்கள், அரைநாட் சம்பளம்தான். இந்தப் பிள்ளைகளுக்குப் பாடசாலையிலும் அரைப் பேர்தான் விழுந்தது. பிறகு கொடுப்பனவு 10,000 ஆனது. பயிற்சி முடித்து ஆசிரியர் சேவைக்குள் வர ஆண்டுகள் ஓடின. அந்த ஆண்டுகள் சேவைக்காலத்தில் சேருமா என்ற கேள்வியை நியமனக் கடிதம் கையில் கிடைத்த மாதத்திலேயே எழுத்தில் எழுப்பியிருக்க வேண்டும். அப்போதும் "பொறுங்க" என்றுதான் அவர்களுக்குச் சொன்னோம்.

நாடு முழுவதிலும் இதே கதைதான். 1990களில் தொடங்கிய ஆசிரியர், அதிபர் சம்பள முரண்பாடு கால் நூற்றாண்டு தீராமல் கிடந்தது. 2021 ஜூலையில் தொடங்கி மூன்று மாதத்துக்கு மேல் நீடித்த போராட்டத்துக்குப் பிறகே, 2022 ஜனவரியில் மூன்றில் ஒரு பங்கு கைக்கு வந்தது. மீதிக்காக 2024 ஜூன் 26ஆம் திகதி கொழும்பில் கூடியவர்கள் மீது கண்ணீர்ப்புகை வீசப்பட்டது.

பிள்ளைகளின் படிப்பு கெடும் என்பார்கள். வேலைநிறுத்தத்துக்கு அது பொருந்தலாம். வழக்குப் போடுவதால் எந்த வகுப்பறையும் பூட்டப்படுவதில்லை. மாணவரை வருத்தாமல் ஆசிரியர் தன் உரிமையைக் கேட்க இதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை. தூரத்து இடமாற்றம் வரும் என்ற பயம் மட்டும் உண்மையானது. தனியாகப் போனவருக்கே அந்த அடி விழும். இருபது பேர் சேர்ந்து கையெழுத்திட்டால் செலவும் பகிரும், பழிவாங்கவும் யோசிப்பார்கள்.

பல்கலைக்கழக விரிவுரையாளர்களுக்குக்கூடக் கேட்காமல் எதுவும் வருவதில்லை. பதவி உயர்வு மறுக்கப்பட்டால் முறையிடுவதற்கென்றே 1978ஆம் ஆண்டின் பல்கலைக்கழகங்கள் சட்டம் ஒரு மேன்முறையீட்டுச் சபையை உருவாக்கி வைத்திருக்கிறது. இந்தியாவில் குஜராத் அரசுப் பொறியியல் கல்லூரிகளின் ஒப்பந்த உதவிப் பேராசிரியர்கள், நிரந்தரமானவர்களின் வேலையையே செய்துகொண்டு மாதம் 30,000 இந்திய ரூபாய் வாங்கினார்கள். 2025 ஆகஸ்டில் இந்திய உச்ச நீதிமன்றம் அவர்களுக்குக் குறைந்தபட்ச ஊதிய விகிதத்தையும் 8 வீத வட்டியோடு நிலுவையையும் வழங்கத் தீர்ப்பளித்தது. நிலுவை எதிலிருந்து? வழக்குத் தொடுத்ததற்கு முந்திய மூன்று ஆண்டுகளிலிருந்து மட்டும். அதற்கு முன் பொறுத்திருந்த காலத்துக்கு ஒரு சதமும் இல்லை.

ஆகவே ஹட்டன் ஆசிரியர்களிடம் கேட்கிறேன். தரம் உயர்வு பிந்தினால் எழுத்தில் கேளுங்கள், பதிவுத் தபாலில் அனுப்புங்கள், பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துங்கள். மறுப்புக் கடிதம் வந்தால், வந்த திகதியை அதிலேயே குறித்து, அந்த மாதம் முடியுமுன் சட்டத்தரணியைப் பாருங்கள்.