ஆட்டுத்தோல் ஒண்ணு, கோஷ்டி ரெண்டு

டிஸ்கி: கொஞ்சம் நீளமான பதிவு. மத உணர்வோ மத எதிர்ப்பு உணர்வோ, எது சீக்கிரம் புண்படும்னாலும் இங்கேயே அப்பீட் ஆயிடறது உத்தமம். ரெண்டு பக்கமும் அடி உண்டு. :-)

ரெண்டு வாரமா ஆபீஸ்ல ஆணி ஜாஸ்தி, இந்தப் பக்கமே வர முடியல. இன்னிக்கு எழுத வெச்சது போன வியாழக்கிழமை கேன்டீன்ல நடந்த ஒரு சண்டை. பேச்சு எங்கெங்கயோ சுத்திட்டு மதத்துல வந்து நின்னுச்சு. "குர்ஆன் முகம்மதுக்கு முன்னாடியே இருந்துச்சு பாஸ், கார்பன் டேட்டிங்லயே நிரூபிச்சுட்டாங்க"ன்னு ஒருத்தர் போட்டார். எதிர்ல உட்கார்ந்திருந்தவர் சளைக்கல. "அதே கார்பன் டேட்டிங்தான் குர்ஆன் நபி காலத்துலயே இருந்துச்சுன்னு நிரூபிச்சுது"ன்னார். ரெண்டு பேரும் பேசுறது ஒரே தோலைப் பத்தி. நான் வாயைத் திறக்காம சாம்பார் சாதத்தையே பார்த்துக்கிட்டிருந்தேன். ஏன்னா இதே சண்டையை நான் 2015-லயே போட்டு, நல்லா வாங்கிக் கட்டிக்கிட்டவன்.

அப்போ நான் இன்ஜினியரிங் ரெண்டாவது வருஷம், ஹாஸ்டல் வாசம். அந்த வருஷம் ஜூலைல பர்மிங்காம் பல்கலைக்கழகம் ஒரு செய்தி வெளியிட்டாங்க. அவங்க நூலகத்துல ரொம்ப நாளா வேற ஒரு சுவடியோட சேர்ந்து கிடந்த ரெண்டு குர்ஆன் ஏடுகளை ஆக்ஸ்ஃபோர்டு ஆய்வுக்கூடத்துல கொடுத்து சோதிச்சதுல, தோலோட காலம் கி.பி. 568-ல இருந்து 645-க்குள்ள, 95.4 சதவீத நிகழ்தகவோட. பதினெட்டாவதுல இருந்து இருபதாவது அத்தியாயம் வரைக்கும் சில பகுதிகள் அந்த ஏடுகள்ல இருக்கு. முகம்மது நபியோட காலம் சுமாரா 570-ல இருந்து 632.

என் ரூம்மேட் குதிச்சுக்கிட்டு வந்தான். "பாத்தியாடா, நபி காலத்துலயே எழுதுனது, சயின்ஸே சொல்லிருச்சு." ஆகஸ்ட்ல பத்திரிகைகள் அதே எண்களைத் திருப்பிப் போட்டாங்க. 568-ங்கிறது நபி பிறக்குறதுக்கே முன்னாடியாச்சே, அப்போ இந்த நூலே அவருக்கு முந்தினதா இருக்கலாமேன்னு. இப்போ குதிச்சது நான். மெஸ்ல நாலு பேர் முன்னாடி அவனை வெச்சு செஞ்சேன். ரெண்டு நாள் என்கூட அவன் பேசல.

மூணாம் நாள் அவங்க அத்தாகிட்ட போன்ல பேசிட்டு வந்தான். அத்தாவுக்கு வாணியம்பாடி பக்கம் ஒரு டேனரில முப்பது வருஷ சர்வீஸ். இந்தக் கதையெல்லாம் கேட்டுட்டு அவர் சொன்னாராம்: "தோலு என்னிக்கு உரிச்சதுன்னு சொல்லும். அதுல என்னிக்கு எழுதுனாங்கன்னு தோலுக்கு எப்படித் தெரியும்?"

அவ்வளவுதான். மகன் கட்சி, என் கட்சி ரெண்டையும் மனுஷர் ஒரே போடா போட்டுட்டார்.

கார்பன் கணக்கு சொல்றது அந்த ஆடு செத்த காலத்தை. மை காய்ஞ்ச நாளை இல்லை. 568-645-ங்கிறதும் நம்ம வசதிக்கு ஒரு முனையைப் புடிச்சு இழுத்துக்கிற ரப்பர் பேண்ட் இல்லை. ஒருத்தர் 645-ஐ மறைச்சுட்டு 568-ஐக் காட்டுறதும், இன்னொருத்தர் 568-ஐ மறைச்சுட்டு 632-ல வட்டம் போடறதும் ஒரே தில்லுமுல்லுதான். யெமன்ல, சன்ஆ பெரிய பள்ளிவாசல்ல 1972-ல ரிப்பேர் வேலை நடக்கும்போது கிடைச்ச சுவடிக் குவியல்ல ஒண்ணு இருக்கு, கழுவிட்டு மேல மறுபடி எழுதினது. அதுல ஒரு ஏட்டைச் சோதிச்சப்போ ஏழாம் நூற்றாண்டோட ஒத்துப்போற தேதி வந்துச்சு. அதே சுவடியோட வேற சில ஏடுகளை இன்னொரு ஆய்வுக்கூடத்துல கொடுத்தா, நபி பிறக்குறதுக்கு முன்னாடியே முடிஞ்சு போற தேதியும் வந்துச்சு. ஒரே சுவடிங்க! இதுக்குத்தான் ஆய்வாளர்கள் தோலை மட்டும் நம்பாம எழுத்தோட வடிவம், எழுத்துக்கூட்டல், பக்க அமைப்புன்னு எல்லாத்தையும் சேர்த்து வெச்சுப் பார்க்கிறாங்க.

நிற்க. கேள்வி கேக்குற கோஷ்டில நானும் ஒருத்தன்ங்கிற உரிமைல, நம்மாளுங்களைத்தான் முதல்ல கேக்குறேன். 1977-ல நின்னுபோன கடிகாரத்தை இன்னும் எத்தனை நாள் கையில கட்டிக்கிட்டு சுத்துவீங்க?

அந்த வருஷம் ரெண்டு புத்தகம் வந்துச்சு. குர்ஆன் இன்னிக்கு இருக்கிற முழு வடிவத்துக்கு வந்தது எட்டாம் நூற்றாண்டு முடியிற காலத்துக்கு முன்னாடி இருக்காதுன்னு ஜான் வான்ஸ்பரோ எழுதினார். பட்ரீஷியா க்ரோனும் மைக்கேல் குக்கும் சேர்ந்து எழுதினது 'ஹாகரிசம்'. அரபு மூலங்களை ஓரமா வெச்சுட்டு கிரேக்க, சிரியாக், ஆர்மீனிய எழுத்துகளை மட்டும் வெச்சுப் பார்த்தா என்ன கதை கிடைக்கும்னு பார்த்தாங்க. ஆரம்பத்துல இது யூதர்களோட சேர்ந்து பாலஸ்தீனத்தை மீட்கப் போன ஒரு மீட்பர் இயக்கம்னு முடிவு கட்டினாங்க.

இங்க ஒண்ணு சொல்லியாகணும். அவங்க கேட்ட கேள்வி நியாயமான கேள்வி. நபியோட வாழ்க்கை வரலாற்றை விரிவா எழுதின இப்னு இஸ்ஹாக் இறந்தது 767 வாக்குல. 632-க்கும் அதுக்கும் நடுவுல 135 வருஷம். அவர் எழுதினதும் முழுசா நம்ம கைக்கு வரல. முக்கியமா வந்தது 833 வாக்குல இறந்த இப்னு ஹிஷாம் எடிட் பண்ணின வடிவம். சிலதை விட்டுட்டேன்னு அவரே சொல்லியிருக்கார். நம்ம பாஷைல சொன்னா, பழைய கமிட் எல்லாம் ஸ்குவாஷ் ஆகிப்போன ரெப்போ. 'யார் சொல்லி யார் கேட்டது'ங்கிற அறிவிப்பாளர் வரிசை இருக்கு, ஆனா அந்த வரிசையே எப்போ சேர்த்ததுன்னு சந்தேகம் வந்தா? இதைக் கேட்டதுக்கே "மேற்கத்திய சதி"ன்னு கிளம்புற அன்பர்களே, கேள்வி கேட்டதும் அவங்கதான், அதுக்கு வந்த பதிலைப் படிச்சுட்டு தங்களைத் திருத்திக்கிட்டதும் அவங்கதான். கொஞ்சம் பொறுங்க.

பதில் எங்கேர்ந்து வந்துச்சு? பாதி பதில் அவங்க நம்பின வெளியாட்கள்கிட்டேர்ந்தேதான். 640 வாக்குல தாமஸ்னு ஒரு சிரியாக் பாதிரியார், 634-ல காஸா பக்கம் ரோமானியர்களுக்கும் முகம்மதோட அரபுகளுக்கும் நடந்த சண்டையைக் குறிச்சு வெச்சிருக்கார். நபி இறந்து ரெண்டே வருஷத்துல நடந்த சண்டை, அதுல அவர் பேர். 660-கள்ல எழுதினதா கருதப்படற ஆர்மீனிய வரலாறு ஒண்ணு செபேயோஸ் பேர்ல இருக்கு. முகம்மது ஒரு வணிகர், ஆபிரகாமோட கடவுளைப் பத்திப் போதிச்சார், செத்த பிராணியைத் தின்னக்கூடாது, மது குடிக்கக்கூடாது, பொய் சொல்லக்கூடாதுன்னார்னு அது சொல்லுது. ஆளே இல்லைன்னு சொல்றவங்க இவங்க ரெண்டு பேருக்கும் என்ன பதில் வெச்சிருக்காங்க?

அடுத்து என் ஃபேவரிட். எகிப்துல கிடைச்சு இப்போ வியன்னால இருக்கிற ஒரு பாப்பிரஸ். கிரேக்கத்துலயும் அரபுலயும் எழுதின ரசீது. அரபுப் படைத்தலைவர் ஒருத்தர் 65 ஆடு வாங்கிக்கிட்டதுக்கு எழுதிக் கொடுத்தது. மேல பிஸ்மில்லாஹ், கீழ ஆண்டு இருபத்திரெண்டு, அதாவது கி.பி. 643. எதை நிரூபிக்கணும்னும் நினைச்சு எழுதினதில்லை, ஆட்டுக்குக் கணக்கு காட்ட எழுதினது. நபி இறந்து பதினோரு வருஷத்துல, எகிப்துல ஒரு பட்டாளத்துக்காரர் ஹிஜ்ரி கணக்குல தேதி போடறார். இதைவிட நல்ல சாட்சி வேற என்னங்க வேணும்?

வான்ஸ்பரோவுக்கு விழுந்த அடி இன்னும் அழகு. லைடன் பல்கலைக்கழகத்துல இருந்த மரைன் வான் புட்டன் 2019-ல ஒரு கட்டுரை போட்டார். குர்ஆன்ல 'இறைவனின் அருட்கொடை'ன்னு ஒரு தொடர் பல இடத்துல வருது. அதுல 'நிஃமத்'ங்கிற சொல்லோட கடைசி எழுத்தை ரெண்டு விதமா எழுதலாம், அர்த்தம் மாறாது. எந்த இடத்துல எதுன்னு விதி ஒண்ணும் கிடையாது. பதினாலு பழஞ்சுவடிகளை எடுத்து வெச்சுப் பார்த்தா, ஒண்ணு ரெண்டு பிசகைத் தவிர, ஒண்ணுல எந்த இடத்துல எப்படியோ மத்ததுலயும் அங்க அப்படியே.

இது என்னன்னு இன்ஜினியரிங் படிச்ச எவனுக்கும் விளக்க வேண்டாம். எங்க பேட்ச் மொத்தமும் ஒரு சீனியரோட லேப் ரெக்கார்டைப் பார்த்து எழுதினோம். அந்தப் புண்ணியவான் 'கெப்பாசிட்டர்'ங்கிறதை முதல் பக்கத்துல சரியாவும் மூணாம் பக்கத்துல ஒரு எழுத்தை விழுங்கியும் எழுதியிருந்தார். நாப்பது பேர் ரெக்கார்டுலயும் முதல் பக்கம் சரி, மூணாம் பக்கம் அதே எழுத்து காணோம். லேப் இன்சார்ஜுக்கு வேற சாட்சியே தேவைப்படல. அத்தனை பேரும் மறுபடி எழுதினோம். அதே மாதிரி, ஏழாம் நூற்றாண்டைச் சேர்ந்ததா கருதப்படற சுவடிகள் எல்லாம் எழுதப்பட்ட ஒரே மூலத்துக்குப் போகுதுன்னா, அந்த மூலம் அவற்றுக்கும் முந்தினது. 644-ல இருந்து 656 வரைக்கும் ஆண்ட கலீஃபா உஸ்மான் ஒரு பிரதியைத் தரப்படுத்தி அனுப்பினார்னு மரபு சொல்ற கதையோட இது நல்லாவே பொருந்துது. எட்டாம் நூற்றாண்டுக் கடைசியோட பொருந்தவே பொருந்தாது.

இப்போ கைதட்ட ரெடியா இருக்கிற எதிர்க்கட்சி நண்பர்களுக்கு: சன்ஆ சுவடில கழுவின அடி எழுத்தை ஆய்வாளர்கள் படிச்சுட்டாங்க. சொற்கள் அங்கங்க வேற, வரிசை சில இடத்துல வேற, அத்தியாயங்களோட வரிசையும் வேற. நபித்தோழர்கள் சிலர்கிட்ட இந்த மாதிரி வேறுபட்ட பிரதிகள் இருந்துச்சுன்னு இஸ்லாமிய மரபு நூல்களே எழுதி வெச்சிருக்கு. அதனால "ஒரு எழுத்துகூட எங்கேயும் எப்பவும் வேற இல்லை"ன்னு மேடை போட்டுப் பேசுறவங்க சன்ஆவோட மட்டும் இல்லை, உங்க பழைய அறிஞர்களோடவே மோதுறீங்க.

க்ரோன் என்ன பண்ணினாங்க தெரியுமா? 2006-ல ஒரு கட்டுரை எழுதினாங்க. முகம்மதுன்னு ஒருத்தர் இருந்தார்ங்கிறதுல சந்தேகமில்லை, குர்ஆன் அவர் சொன்னவற்றோட தொகுப்புன்னு ஓரளவு உறுதியாவே சொல்லலாம்னு. மெக்கா வணிகம் மாதிரி விஷயங்கள்ல தன் சந்தேகங்களை அவங்க கைவிடல, 2015-ல இறக்குற வரைக்கும் கேட்டுக்கிட்டுத்தான் இருந்தாங்க. எழுதின கையே திருத்திக்கிச்சு. நம்மாளு மட்டும் அந்தம்மா 1977-ல எழுதினதோட சுருக்கத்தோட சுருக்கத்தைப் படிச்சுட்டு கேன்டீன்ல தீர்ப்பு சொல்றார்.

எனக்கு உறுத்துறது அதுகூட இல்லை. அன்னிக்கு மெஸ்ல நான் கேட்டது கேள்வியே இல்லை. ரூம்மேட்டைக் குத்த ஒரு கம்பு வேணும், கையில கிடைச்சது 568. அவன் கையில கிடைச்சது 645. அத்தா ஒருத்தர்தான் தோலைப் பத்திப் பேசினார்.

வியாழக்கிழமை வாயை மூடிக்கிட்டு சாப்பிட்டுட்டேன், அதுக்குப் பரிகாரமா அந்த 65 ஆட்டு ரசீதோட படத்தை பிரிண்ட் எடுத்து வெச்சிருக்கேன். அடுத்த வாரம் டீம் லஞ்ச், மட்டன் பிரியாணி. லெக் பீஸுக்கு நடுவுல எடுத்து நீட்டலாம்னு இருக்கேன். வர்றேன் மக்கா, மேனேஜர் கூப்பிடறார், ஆணி காத்திருக்கு.